எந்த உயிர் பெரிது?

ஒரு வைத்தியசாலைக்கு ஒரே இரவில் இருவர் கொண்டுவரப்படுகின்றனர். இருவரும் உயிருக்குப் போராடும் நிலையினர். இருவருக்கும் உடனடியாகச் சத்திரசிகிச்சை வேண்டும். அதனைப் பழுதின்றிச் செய்து முடிக்கவல்ல கை அவ்வைத்தியசாலையில் ஒன்றே உண்டு. முந்தி வந்தவன் கட்டட வேலை செய்யும் கூலித் தொழிலாளி; பிழைப்புத் தேடிப் பிறநாட்டிலிருந்து வந்தவன். பிந்தி வந்தவரோ நாடறிந்த இசைநாடகப் பாடகர். அந்தக் கை யாரை முதலில் தொடவேண்டும்?

நீதிநூல் படித்த எவரும் இதற்கு விடை கூறத் தயங்கார். முந்தி வந்தவனையே தொடவேண்டும் என்பர். நடைமுறை உலகம் அளிக்கும் விடை வேறு என்பதையும் நாம் எல்லோரும் அறிவோம். இவ்விரு விடைகளுக்கும் இடையே கிடக்கும் பள்ளத்தைத்தான் 'மொன்ஸ்டர்' என்னும் யப்பானியத் தொடர் தன் கதைக்களமாகக் கொண்டிருக்கிறது. நவோக்கி உரசாவா என்னும் சித்திரக்கதை ஆசிரியர் 1994 டிசெம்பர் முதல் 2001 டிசெம்பர் வரை ஒரு சஞ்சிகையிலே தொடர்ந்து வரைந்த கதை இது. 18 தொகுதிகளாக நூலுருப் பெற்ற அக்கதையை, மசயூக்கி கொஜிமாவின் நெறியாள்கையில் 'மட்ஹவுஸ்' என்னும் நிறுவனம் அசைவுச் சித்திரமாக்கிற்று. 2004 ஏப்ரலிலிருந்து 2005 செப்டெம்பர் வரை யப்பானியத் தொலைக்காட்சியிலே 74 பகுதிகளாக அது ஒளிபரப்பாயிற்று. ஆண்டுகள் பல கழிந்த பின்னரும், பல நாடுகளிலே, குறிப்பாக இளைஞர் மத்தியிலே, அது பார்க்கப்பட்டும் விவாதிக்கப்பட்டும் வருகிறது. அந்தக் கவர்ச்சியின் வேர் எங்கே உள்ளது என்பதையும், அது எழுப்பும் ஒழுக்கப் பிரச்சினைக்கு முற்போக்காளர் எவ்வாறு முகங்கொடுக்கவேண்டும் என்பதையும் ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

"சித்திரக்கதையைப் பற்றி இத்துணை பெரிய பேச்சா?" என்று சிலர் முகஞ்சுளிக்கக்கூடும். சித்திரக்கதை என்றால் சிறுவர்க்குரியது என்ற எண்ணம் நம்மிடையே வேரூன்றிவிட்டது. யப்பானிலே அதன் வரலாறு வேறுவகைப்பட்டது. 1957-இல் யொஷிஹிரோ தட்சுமி என்பவர் சிறுவர்க்கான வேடிக்கைச் சித்திரங்களிலிருந்து வேறுபட்ட தம் படைப்புக்களுக்குக் 'கெக்கிகா' எனப் பெயரிட்டார். வாடகைக்குப் புத்தகம் கொடுக்கும் சிறு கடைகளே அத்தகைய நூல்களின் சந்தை. தொழிலாள இளைஞர் பலர் அவற்றின் வாசகராயினர். 1964-இல் 'காரோ' என்னும் சஞ்சிகையிலே சன்பே ஷிராட்டோ தொடங்கிய 'கமுய் டென்' என்னும் நெடுங்கதை, நிலப்பிரபுத்துவ யப்பானின் உழவரும் ஒடுக்கப்பட்ட சாதியினரும் நடத்திய போராட்டங்களைப் பாடிற்று. அக்காலத்து இடதுசாரி மாணவர்கள் அதனை ஆவலோடு படித்தனர். மருத்துவம் கற்றுப் பட்டம் பெற்ற ஒசாமு தெசூக்கா, அனுமதிப்பத்திரமற்ற சத்திரசிகிச்சை நிபுணன் ஒருவனைக் கதாநாயகனாக்கிய 'பிளாக் ஜாக்' 1973-இல் தொடங்கியது. இந்த மரபின் வழிவந்தவரே உரசாவா. ஆகவே, வடிவத்தைக் கண்டு முகந்திருப்புவது விமர்சகன் செய்யத்தக்க காரியமன்று. நாவலும் தோன்றிய காலத்திலே பொழுதுபோக்குப் பண்டம் என்றுதான் இகழப்பட்டது.

இனிக் கதைக்கு வருவோம்.

1986-ஆம் ஆண்டு, மேற்கு ஜேர்மனியின் டியூசல்டோர்ப் நகரம். கென்சோ டென்மா என்னும் யப்பானிய மூளைச் சத்திரசிகிச்சை நிபுணன் அங்கே ஒரு வைத்தியசாலையிலே பணியாற்றுகிறான். அவனது திறமையைப் பணிப்பாளர் ஹைனமன் தம் சொந்தச் சொத்தாகவே கருதுகிறார். அவன் எழுதும் ஆராய்ச்சிக் கட்டுரைகள் அவருக்குப் புகழ் தேடிக் கொடுக்கின்றன. பதிலுக்கு அவனுக்கு அவர் காட்டுவது பதவி உயர்வு என்ற நம்பிக்கை. அவருடைய மகள் ஏவாவோடு திருமணமும் நிச்சயமாகியிருக்கிறது. உழைப்பவன் ஒருவன், அதன் பயனை நுகர்பவன் இன்னொருவன் என்ற உறவு தொழிற்சாலைச் சுவர்களுக்குள் மட்டும் நிலவுவதன்று என்பதை ஆசிரியர் ஒரு சொல்லும் கூறாமல் காட்டிவிடுகிறார்.

நாம் தொடக்கத்திற் கூறிய இரவு இந்த வைத்தியசாலையில் வந்ததே. முந்தி வந்தவன் துருக்கியத் தொழிலாளி. பாடகருக்குச் சிகிச்சை செய்யும்படி மேலிடம் பணித்தது. டென்மா பணிந்தான். பாடகர் பிழைத்தார், தொழிலாளி வேறு கைகளில் இறந்தான். பத்திரிகைகள் வைத்தியசாலையைப் புகழ்ந்தன. இறந்தவனின் மனைவி கைக்குழந்தையோடு டென்மாவை மறித்து, தன் கணவனல்லவா முந்தி வந்தான் என்று கதறினாள். அவ்வளவு காலமும் தன் காதில் விழாதிருந்த கேள்வி அப்போதுதான் அவனுக்குக் கேட்டது.

சிறிது காலத்தில் அதே நிலைமை மீண்டும் தோன்றுகிறது. தலையிலே துப்பாக்கிக் குண்டு பாய்ந்த சிறுவன் ஒருவன் முதலில் வருகிறான். பின்னர் நகர மேயர் கொண்டுவரப்படுகிறார். வைத்தியசாலைக்குக் கிடைக்கவேண்டிய மானியமும் சலுகையும் மேயரின் உயிரோடு பிணைந்திருக்கின்றன. இம்முறை டென்மா கட்டளையை மீறிச் சிறுவனைக் காப்பாற்றுகிறான். மேயர் இறக்கிறார். டென்மாவின் பதவி பறிபோகிறது. நிச்சயித்த பெண்ணும் கைவிடுகிறாள். மனம் வெதும்பிய அவன், நினைவிழந்து கிடக்கும் அச்சிறுவனின் கட்டிலருகே நின்று, இத்தகைய பணிப்பாளர் இருப்பதிலும் இறப்பதே நன்று என்று புலம்புகிறான். சில நாட்களிற் பணிப்பாளரும் வேறு இரு வைத்தியரும் நஞ்சூட்டிய இனிப்பைத் தின்று மாண்டுபோகின்றனர். சிறுவனும் அவனுடைய இரட்டைச் சகோதரியும் மறைந்துவிடுகின்றனர். வெற்றிடமான பதவி டென்மாவுக்கே வந்து சேர்கிறது.

ஒன்பது ஆண்டுகளின் பின், 1995-இல், உண்மை வெளிப்படுகிறது. தான் காப்பாற்றிய அந்தச் சிறுவன் யொஹான் இப்போது அழகும் அறிவும் நிறைந்த இளைஞன். நாடெங்கும் நிகழ்ந்த கொலைகளுக்குப் பின்னால் நிற்பவன். டென்மாவின் கண்முன்னாலேயே அவன் ஒருவனைச் சுட்டுக்கொல்கிறான். அன்று பணிப்பாளரைக் கொன்றதும் தானே எனவும், அது டென்மாவின் விருப்பத்தை நிறைவேற்றியதே எனவும் அமைதியாகக் கூறுகிறான். கொலைப்பழியோ டென்மாமீது விழுகிறது. தான் உயிர் கொடுத்தவனின் உயிரைத் தானே பறிப்பதென்று முடிவுசெய்து, கையிலே துப்பாக்கியோடு அவன் அலையத் தொடங்குகிறான்.

மர்மக்கதைகளின் வழமையான கவர்ச்சி, கொலைகாரன் யார் என்ற வினாவிலே தங்கியிருக்கும். இக்கதையிலே அந்த வினாவுக்குத் தொடக்கத்திலேயே விடை கிடைத்துவிடுகிறது. எஞ்சிய நெடுங்கதை முழுவதும் நம்மை இழுத்துச்செல்வது வேறொரு வினா: டென்மா அன்று செய்தது சரியா? கொலைகாரனைத் தேடும் ஆவலைவிட இவ்வினாவுக்கு விடைதேடும் ஆவல் வலிமையுடையது என்பதே இத்தொடரின் வெற்றி நமக்குக் கற்பிக்கும் பாடம். மக்களுக்கு ஒழுக்கப் பிரச்சினைகள் கசக்கும், களியாட்டமே இனிக்கும் எனக் கூறி மலிவான சரக்கை விற்போர் இதனைக் கவனிப்பார்களாக.

இரண்டாவது காரணம் அதன் யதார்த்தம். இந்தக் கதையிலே மாயமந்திரம் இல்லை. பறக்கும் மனிதர் இல்லை. மழை பெய்தால் மனிதர் நனைகின்றனர். பணம் தீர்ந்தாற் பசிக்கின்றனர். கொடியவன் திரையிலே தோன்றுவது மிகக் குறைவு. அவன் இல்லாத இடத்தைச் சாதாரண மனிதரின் வாழ்வு நிரப்புகிறது. தான் கொன்ற பெண்ணின் மகளைத் தன்னிடமே வைத்து வளர்க்கும் பழைய கூலிப்படைவீரன், குடியாற் கெட்டு மீண்டும் நிமிர முயலும் முன்னாட் பொலிஸ்காரன், அடியுண்டு பழகிய சிறுவன் டீட்டர், செல்வத்தில் வளர்ந்து மதுவில் மூழ்கும் ஏவா எனப் பலர் வருகின்றனர். ஒவ்வொருவருக்கும் ஒரு கடந்தகாலம் உண்டு. ஒவ்வொருவரும் ஒரு முடிவை எடுக்கவேண்டியவராயுள்ளனர். மனித மனத்தின் ஆழத்தைக் காட்டுவதாகக் கூறிக்கொண்டு சமூகத்தை மறந்துவிடும் உளவியற் கதைகள் பல. இங்கே மனிதரின் மனம் அவர்களது தொழில், குடும்பம், நாடு ஆகியவற்றோடு பின்னிக் கிடக்கிறது.

இனி, அந்த மைய வினாவை எடுத்துக்கொள்வோம். யொஹானை அன்று சாகவிட்டிருந்தால் எத்தனையோ பேர் பிழைத்திருப்பர். ஆகவே டென்மா செய்தது தவறு எனச் சிலர் வாதிக்கலாம். செயலின் நன்மை தீமையை அதன் விளைவைக் கொண்டே நிறுக்கவேண்டும் என்பது அவர்கள் கொள்கை. மெய்யியலாளர் பேர்னாட் வில்லியம்சும் தோமஸ் நேகலும் 1976-இல் 'ஒழுக்க அதிர்ஷ்டம்' என்ற பெயரால் இதையொத்த ஒரு பிரச்சினையை ஆராய்ந்தனர். நம் கைக்கு எட்டாத தற்செயல் நிகழ்ச்சிகள் நம் செயலின் ஒழுக்கத் தகுதியை மாற்றுமா என்பதே அவர்கள் எழுப்பிய வினா. மாற்றாது என்று அறிவு சொல்கிறது. மாறிவிட்டதாக மனம் வருந்துகிறது. டென்மாவின் துன்பம் இவ்விரண்டுக்கும் நடுவே நின்று தவிப்பவனின் துன்பம்.

ஆயினும் விளைவுவாதியின் வாதத்தைச் சற்று ஊன்றி நோக்குதல் வேண்டும். கட்டிலில் கிடக்கும் சிறுவன் நாளை என்ன ஆவான் என்பதை வைத்தியன் அறியான். அறிந்தாலன்றிக் கருவியைத் தொடேன் என்பானாயின், ஒவ்வொரு நோயாளியின் எதிர்காலப் பெறுமதியையும் கணக்கிட்ட பின்னரே அவன் வைத்தியஞ் செய்யவேண்டும். யாரால் சமூகத்துக்குப் பயன் அதிகம், யாரால் கேடு அதிகம் என்று தராசு பிடிக்கவேண்டும். பணிப்பாளர் ஹைனமன் செய்தது வேறென்ன? பாடகரின் பெறுமதி இன்னது, மேயரின் பெறுமதி இன்னது, கூலித் தொழிலாளியின் பெறுமதி இன்னது என்று அவர் கணக்குப் பார்த்தார். அவருடைய தராசிலே பணத்தையும் செல்வாக்கையும் எடுத்துவிட்டு நன்மை தீமை என்ற படிக்கற்களை இட்டுவிட்டால் மாத்திரம் அத்தராசு நீதியுடையதாகிவிடுமா? உயிர்களைத் தரம்பிரிக்கும் உரிமை தனக்குண்டு என்று ஒருவன் எண்ணத் தொடங்கும் இடத்திலேதான் கேடு தொடங்குகிறது.

இதிலிருந்து இன்னுமொரு முடிவு பெறப்படுகிறது. துப்பாக்கியேந்தி யொஹானைத் தேடும் டென்மாவும் தன்னை அறியாமலே பணிப்பாளரின் தராசைக் கையிலெடுத்தவனாகிறான். எல்லா உயிரும் ஒன்றே என்று கூறிப் பதவியிழந்தவன், ஓர் உயிர் மட்டும் விலக்கு என்று இப்போது கூறவேண்டியிருக்கிறது. யொஹான் விரும்புவதும் அதுவே. எல்லா உயிரும் சமம் என்ற நம்பிக்கையை டென்மாவின் கையாலேயே பொய்யாக்கவேண்டும் என்பதே அவன் ஆட்டம். சமம் என்பது சாவிலே மட்டுந்தான் என்பது அவன் கொள்கை. ஆகவே இங்கு நடப்பது இரு மனிதரின் துரத்தல் அன்று. சமத்துவம் என்ற சொல்லுக்கு வாழ்வின் பொருளா, சாவின் பொருளா என்ற போராட்டம்.

இவ்வளவும் சரி. ஆனால் 'எல்லா உயிரும் சமம்' என்ற வாக்கியத்தோடு முற்போக்காளர் திருப்தியடைந்துவிடலாமா? சட்டப் புத்தகத்திலே செல்வனும் ஏழையும் சமமே. வைத்தியசாலை வாயிலில் எழுதிவைக்கப்படும் வாசகத்திலும் சமமே. வாசகம் சமமாயிருக்க, வரிசை மட்டும் மாறிவிடுவது எவ்வாறு? பணிப்பாளர் ஹைனமன் துருக்கியரை வெறுப்பவராகக் காட்டப்படவில்லை. அந்தத் தொழிலாளியின் முகத்தைக்கூட அவர் பார்த்திருக்கமாட்டார். அவர் நிறுவனத்தின் நலனைப் பார்த்தார், அவ்வளவுதான். வெறுப்பே இல்லாமல் ஒரு மனிதன் கொல்லப்படும் முறை இது. துருக்கியிலிருந்து தொழிலாளரை வரவழைக்க மேற்கு ஜேர்மனி 1961-இல் ஒப்பந்தஞ் செய்தது. 'விருந்தினத் தொழிலாளர்' என்று அவர்களுக்குப் பெயரிட்டது. அவர்களுடைய கைகள் தேவைப்பட்டன. அக்கைகளுக்கு உடலும், உடலுக்கு உயிரும் உண்டு என்பது பலருக்குச் சங்கடமான செய்தியாயிற்று.

இந்த இடத்திலே தொடரின் ஒரு குறையைச் சுட்டவேண்டும். முதற் பகுதிகளிலே பணிப்பாளரின் கணக்கு நம்மைச் சுடுகிறது. ஆனால் யொஹான் என்னும் அசாதாரணமான கொடியவன் தோன்றியதும் அந்தச் சாதாரணக் கொடுமை பின்னணிக்குத் தள்ளப்படுகிறது. அழகிய முகமும் ஆழங்காணாத கண்களும் உடைய கொலைகாரனை நாம் மெய்மறந்து பார்த்துக்கொண்டிருக்க, கைக்குழந்தையோடு நின்ற அந்தப் பெண்ணை மறந்துபோகிறோம். இது இத்தகைய கதைகள் யாவற்றுக்கும் உரிய அபாயம். தீமை என்பது விந்தையான ஓர் ஆளிடம் குடியிருக்கும் பொருள் என்ற எண்ணம் வாசகனுக்கு ஆறுதலளிக்கிறது. தானும் தன் அயலவரும் நல்லவரே என்று அவன் நிம்மதியாக உறங்கலாம். யொஹான் கொன்றவர்களை எண்ணிவிடலாம். வரிசையிலே பின்தள்ளப்பட்டு இறந்தவர்களை எண்ண எந்த இன்ஸ்பெக்டரும் வருவதில்லை.

எனினும், ஆசிரியர் அந்தச் சமூக உண்மையை முற்றாகக் கைவிட்டார் எனக் கூறுதலும் நேர்மையாகாது. பிராங்பேர்ட்டிலே தீவிர வலதுசாரிக் கும்பல் ஒன்று துருக்கியர் வாழும் பகுதிக்குத் தீவைக்கத் திட்டமிடுவதும், அதனைத் தடுக்க டென்மா முயல்வதும் கதையிலே வருகின்றன. இது வெறுங் கற்பனையன்று. 1992 ஓகஸ்ட்டில் ரொஸ்டொக் நகரிலே வியட்நாமியத் தொழிலாளர் குடியிருந்த கட்டடம் தாக்கித் தீயிடப்பட்டது. அதே ஆண்டு நவம்பரில் மோல்ன் நகரிலே துருக்கியர் மூவர் தீக்கிரையாயினர். 1993 மே 29-இல் சோலிங்கனிலே ஒரு துருக்கியக் குடும்பத்தின் பெண்களும் சிறுமிகளுமாக ஐவர் எரிந்து மாண்டனர். கதை வெளிவரத் தொடங்கியது அதற்கு அடுத்த ஆண்டிலேயாகும். பேர்லின் மதில் வீழ்ந்த 1989-இன் பின், விடுதலை பற்றிய பேச்சு ஓங்கியிருந்த நாட்டிலே இந்தத் தீயின் வெளிச்சத்தையும் காட்டத் துணிந்தது பாராட்டுக்குரியது.

அடுத்து, அரக்கன் எவ்வாறு பிறக்கிறான் என்ற வினா. யொஹான் வளர்ந்த இடம் கிழக்கு பேர்லினில் இருந்த 'கிண்டர்ஹைம் 511' என்னும் அநாதை இல்லம் எனக் கதை கூறுகிறது. உணர்ச்சியற்ற போர்வீரரை உருவாக்கச் சிறுவர்களின் நினைவையும் அன்பையும் அழிக்கும் பரிசோதனை அங்கே நடத்தப்படுகிறது. அதற்கும் பின்னால், செக்கோசிலவாக்கியாவிலே சிறந்த மனித இனத்தை உண்டாக்குவதாகக் கூறி ஆணையும் பெண்ணையும் தேர்ந்து இணைத்த ஒரு திட்டம் இருக்கிறது. இவை கற்பனைகளே. இதைப் பார்க்கும் இடதுசாரி வாசகன் ஒருவன், 'சோஷலிச நாடுகளைப் பழிக்கும் பனிப்போர்ப் பிரசாரம்' என்று ஒரே சொல்லில் தள்ளிவிட விரும்பலாம். அவ்வாறு தள்ளிவிடுதல் எளிது, நேர்மையன்று. கிழக்கு ஜேர்மனியின் டோர்காவ் நகரிலே 1964 முதல் 1989 வரை, அரசுக்கு அடங்காத இளைஞரைச் சிறைபோன்ற மூடிய இல்லத்திலே அடைத்து, அவர்களின் தன்மானத்தை உடைத்த நிறுவனம் ஒன்று இருந்தது வரலாற்று உண்மை. மனிதனைப் புதிதாகப் படைப்போம் என்ற பெரிய சொல்லின் கீழே குழந்தைகள் நசுக்கப்பட்டிருந்தால், அதனை முதலிற் கண்டிக்கவேண்டியவர் அந்தச் சொல்லை நம்பியவரே. மானுடத்தின் பெயரால் பேசுவோர் மனிதரை மூலப்பொருளாகக் கருதியபோதெல்லாம் தம் இலட்சியத்துக்குத் தாமே குழி தோண்டியிருக்கின்றனர்.

அதே வேளையில், வேறு திசையிலும் பார்வையைத் திருப்பவேண்டும். 'சிறந்த இனம்' என்ற கொள்கை மேற்கையும் கிழக்கையும் பிரித்த எல்லைக்கோட்டுக்கு அப்பால் மட்டும் முளைத்ததன்று. நாஜிகளின் எஸ்.எஸ். அமைப்பு 1935-இலேயே 'லேபென்ஸ்போர்ன்' என்னும் நிறுவனத்தை அமைத்துத் 'தூய இன'க் குழந்தைகளைப் பெருக்க முனைந்தது. ஆசிரியரின் சொந்த நாட்டுக்கும் இதிலே ஓர் அத்தியாயம் உண்டு. சீனாவின் ஹார்பின் நகருக்கருகே யப்பானிய இராணுவத்தின் 731-ஆம் பிரிவு, இராணுவ வைத்தியர் ஷிரோ இஷீயின் தலைமையிலே உயிருள்ள கைதிகள்மீது நோய்க்கிருமிகளைச் செலுத்திப் பரிசோதனை நடத்திற்று. போர் முடிந்தபின், அந்தப் பரிசோதனைத் தரவுகளைப் பெற்றுக்கொண்ட அமெரிக்கா அவர்களை வழக்கிலிருந்து காப்பாற்றிற்று. 1949 டிசெம்பரிலே சோவியத் நாட்டின் கபரோவ்ஸ்க் நகரில் பன்னிருவர் விசாரிக்கப்பட்டுத் தண்டனை பெற்றனர். இஷீயோ எந்த நீதிமன்றத்திலும் நிற்காமலே 1959-இல் இறந்தார். அப்பிரிவைச் சேர்ந்த வைத்தியர் சிலர் மருத்துவக் கல்வி நிலையங்களிலே உயர்பதவி வகித்தனர். இந்த வரலாற்றை அறிந்து பார்ப்போருக்கு, களங்கமற்ற யப்பானிய வைத்தியன் ஒருவன் ஐரோப்பாவின் பாவங்களுக்கு நடுவே மனச்சாட்சியின் உருவாய் அலைவது சிறிது உறுத்தவே செய்யும். அரக்கனைத் தேடி அத்துணை தூரம் போகவேண்டியிருந்ததா என்று நாம் கேட்கலாம். கதைக்களத்தைத் தெரிவுசெய்யும் உரிமை ஆசிரியருக்குண்டு. அத்தெரிவு எதனைக் கண்ணுக்கு மறைக்கிறது எனச் சுட்டும் கடமை விமர்சகனுக்குண்டு.

சூழ்நிலையே மனிதனை ஆக்குகிறது என்றால் யொஹானுக்குப் பொறுப்பே இல்லையா? இவ்வினாவுக்குக் கதையிலே விடையாக நிற்பவர் கிரிம்மர் என்னும் பத்திரிகையாளர். அவரும் அதே இல்லத்திலே வளர்க்கப்பட்டவர். எந்த இடத்திற் சிரிப்பது, எந்த இடத்தில் அழுவது என்பதை வளர்ந்தபின் பாடம்போல் மனனஞ் செய்துகொண்டவர். தன் குழந்தை இறந்தபோதும் அவரால் அழ முடியவில்லை. அத்தகைய மனிதர் தம்மைப் போன்ற குழந்தைகள் இனியும் உருவாகாதிருக்க வாழ்நாளைச் செலவிடுகிறார். உயிர் பிரியும் நேரத்திலேதான் தன் குழந்தைக்காக அவருக்குக் கண்ணீர் வருகிறது. ஒரே இல்லம், ஒரே கொடுமை. ஒருவன் உலகை அழிக்கப் புறப்பட்டான், இன்னொருவர் அதனைச் சிறிதேனும் திருத்த முயன்றார். சூழ்நிலை மனிதனை வளைக்கிறது. வளைந்தவனும் நிமிர முயலலாம். அந்த முயற்சிக்கு இடமளிக்காத எந்தச் சமூகவியலும் விதிவாதத்தின் மறுபெயரே.

கதையின் இறுதியிலே இன்னொரு காட்சி நமக்குக் காட்டப்படுகிறது. இரட்டைக் குழந்தைகளுள் ஒன்றைப் பரிசோதனைக்காகக் கொண்டுசெல்ல வந்தவர்கள் தாயின்முன் நிற்கின்றனர். எதைக் கொடுப்பது? தாயின் கை ஒரு கணம் தடுமாறுகிறது. தன்னைக் காப்பாற்ற நினைத்தாளா, தன் சகோதரியென எண்ணி மயங்கினாளா, யாரை அவள் வேண்டாமென்றாள் என்ற கேள்வியே யொஹானின் உள்ளத்தில் ஆறாத புண். கவனித்துப் பார்த்தால், இக்கதையில் மூன்று தெரிவுகள் உள்ளன. பாடகரா தொழிலாளியா, மேயரா சிறுவனா, இந்தக் குழந்தையா அந்தக் குழந்தையா. மூன்றும் ஒரே அச்சில் வார்க்கப்பட்டவை. இரண்டு உயிர், ஒன்றுக்கே இடம்.

ஒழுக்க நூலார் இந்த இடத்தில் நின்று, எதைத் தெரிவது சரி என்று விவாதிக்கத் தொடங்குவர். நாம் கேட்கவேண்டிய கேள்வி அதற்கும் முந்தியது. ஒன்றைத் தெரிந்தே ஆகவேண்டும் என்ற நிலைமையை உண்டாக்கியவர் யார்? தாயின் கை தடுமாறியது அவள் குற்றமா? அவள் வாயிலில் வந்து நின்று ஒரு குழந்தையைக் கேட்ட அதிகாரத்தின் குற்றமா? சிறந்த கை ஒன்றே இருக்கும் வைத்தியசாலையிலே, அந்தக் கை யார் யாருக்கு என்பதைப் பணம் தீர்மானிக்கும் ஒழுங்கை அமைத்தவர் யார்? விபத்தினாலோ இயற்கையினாலோ நேரும் நெருக்கடிகளும் உண்டு. வெள்ளத்திலே ஒருவனை மட்டும் காப்பாற்றக்கூடிய படகோட்டியின் துயரம் என்றும் இருக்கும். ஆனால் இக்கதையின் மூன்று நெருக்கடிகளும் அத்தகையனவல்ல. அவை மனிதராற் செய்யப்பட்டவை. மனிதராற் செய்யப்பட்டதை மனிதரால் மாற்றவும் கூடும். தனிமனிதனின் மனச்சாட்சி எவ்வளவு தூய்மையாயினும், அவனைத் தெரிவுசெய்யும்படி நிர்ப்பந்திக்கும் ஒழுங்கு மாறாதவரை, அவன் காப்பாற்றும் ஒவ்வோர் உயிருக்கும் பக்கத்தில் இன்னோர் உயிர் கைவிடப்பட்டுக்கொண்டே இருக்கும்.

அதற்காக, ஒழுங்கு மாறும்வரை மனச்சாட்சி காத்திருக்கலாம் என்று பொருளன்று. சிலர் அவ்வாறு பேசுவதுண்டு. சமூகம் மாறினால் எல்லாம் சரியாகும் என்று கூறி, இன்று தம்முன் கிடக்கும் நோயாளியைக் கடந்துபோவர். டென்மா அன்று கட்டளையை மீறியதனாலே வைத்தியசாலையின் ஒழுங்கு மாறிவிடவில்லை. ஆனால் மீறமுடியும் என்பது தெரிந்தது. பின்வரும் மாற்றங்களுக்கெல்லாம் முதற்படி அதுவே. தனிமனித அறத்தையும் சமூக மாற்றத்தையும் எதிரிகளாகக் காண்பவர் இரண்டையும் விளங்கிக்கொள்ளாதவர்.

முடிவு பற்றியும் ஒரு சொல். ரூஹென்ஹைம் என்னும் சிற்றூரிலே டென்மாவும் யொஹானும் நேருக்கு நேர் நிற்கின்றனர். யொஹான் ஒரு சிறுவனின் தலைக்கு நேரே துப்பாக்கியைப் பிடித்தபடி, தன்னைச் சுடுமாறு டென்மாவை அழைக்கிறான். டென்மா சுடவில்லை, அச்சிறுவனின் குடிகாரத் தந்தை சுட்டுவிடுகிறான். கதாநாயகனின் கை கறைபடாதிருக்க ஆசிரியர் தேடிய உபாயம் இது என்று குறைகூற இடமுண்டு. மற்றொரு குழந்தையின் உயிர் கண்முன்னே ஊசலாடும்போது சுடாதிருத்தல் அறமா என்ற கடினமான கேள்விக்கு அவர் விடைகூறாமல் விலகிக்கொண்டார். தற்காப்பும் பழிவாங்கலும் ஒன்றல்ல. ஒரு குழந்தையைக் காக்கும்பொருட்டுக் கொலைகாரனைத் தடுத்தல் உயிர்களைத் தரம்பிரித்தலாகாது. இதனை டென்மா எண்ணிப்பார்க்கக் கதை இடந்தரவில்லை. ஆயின் அதன்பின் வரும் காட்சி அக்குறையைப் பெரிதும் ஈடுசெய்கிறது. தலையிலே குண்டு பாய்ந்து மீண்டும் அதே யொஹான் சத்திரசிகிச்சை மேசையில் கிடக்கிறான். முன்பு டென்மா அறியாமற் காப்பாற்றினான். இப்போது எல்லாம் அறிந்தபின்னும் காப்பாற்றுகிறான். அறியாமையில் கடைப்பிடித்த கொள்கையை அறிவோடு மீண்டும் ஏற்றுக்கொள்கிறான். தண்டிப்பது நீதிமன்றத்தின் வேலை. உயிர்காப்பதே வைத்தியனின் வேலை.

கடைசியாக நாம் காண்பது வைத்தியசாலையில் ஒரு வெறுங் கட்டில். யொஹான் எங்கே போனான் என்று பார்வையாளர் இன்றும் வாதிடுகின்றனர். நம் நினைவுக்கு வரவேண்டியது வேறொரு கட்டில். 1986-ஆம் ஆண்டு ஓரிரவு, முந்தி வந்தும் பின்தள்ளப்பட்டு இறந்த அந்தக் கூலித் தொழிலாளி கிடந்த கட்டில் அது. அதுவும் வெறுமையாகத்தான் கிடந்தது. அதைப்பற்றி எவரும் வாதிடுவதில்லை. மாணவர்களோடு இத்தொடரைப் பற்றிப் பேச நேரும் ஆசிரியர்கள், அரக்கனைப் பற்றிய பேச்சு ஓய்ந்தபின், அந்தக் கட்டிலைப் பற்றியும் ஒரு கேள்வி கேட்பார்களானால், ஒரு நல்ல கலைப்படைப்பு செய்யவேண்டிய காரியம் அங்கே நிறைவேறும்.